நீ சொல்லாமல் விட்ட சாமான்

என்றும் மாறாத அன்புக்குரிய அக்காவுக்கு,

உன் தம்பி எழுதிக்கொள்வது. இங்கே நானும் என் மனைவியும் நலம். அங்கே நீயும் அத்தானும் பிள்ளைகளும் நலமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். என் நம்பிக்கை அத்தோடு முடிகிறது.

விஷயத்துக்கு வருகிறேன். பச்சை ஆப்பிளில் நீ போடும் காரச் சட்னிக்குப் போனில் பக்குவம் சொன்னாயே, அதில் எதை விட்டாய்? போனில் கேட்டால் சிரித்தே மழுப்பிவிடுவாய், அதனால்தான் எழுத்தில் கேட்கிறேன். ஆப்பிள், வெங்காயம், இஞ்சி, சர்க்கரை, காய்ந்த திராட்சை, மிளகாய்த்தூள், உப்பு, வினிகர் என்று நீ மளமளவென்று ஒப்பித்தபோதே எனக்குச் சுருக்கென்றது. சமையலில் பேர் வாங்கினவர்கள் யாராவது இப்படித் தயங்காமல் முழுப் பக்குவத்தையும் சொல்வார்களா? "வேற ஒண்ணும் இல்லையாக்கா?" என்று கேட்டேன். "அவ்வளவுதான்டா" என்றாய். கிடங்கு வாசலில் காலம் முழுக்கச் சரக்குப் பெட்டிகளைச் சோதித்தவன் நான். பெட்டிக்குள் வேறு என்னவோ இருக்கும்போதுதான் லாரிக்காரன் அப்படிச் சொல்வான்.

இருந்தாலும் நீ சொன்னபடியே செய்தேன். வினிகர் கொதித்த நெடியில் என் மனைவி மூக்கைப் பொத்திக்கொண்டு பால்கனிக்கு ஓடினாள். மாடி வீட்டுக்காரர் இறங்கி வந்து, "சார், பாத்ரூம் கழுவுறீங்களா?" என்று விசாரித்தார். மானம் போனாலும் நான் கரண்டியை விடவில்லை. கெட்டியானதும் ஒரு வாய் போட்டேன். அக்கா, பல் கூசிக் கண்ணில் தண்ணீர் வந்து காது வரைக்கும் புளித்தது! உனக்குப் போன் பண்ணினால், "பாட்டில்ல போட்டு இறுக்கி மூடு. ஒரு மாசம் தொடாதே, தானா பக்குவப்படும்"ங்கறே. ஒரு மாசமா? திருடன் ஊர் தாண்ட அரை நாள் போதுமே, உனக்கு எதுக்கு ஒரு மாசம்? மூடி வைத்ததைத் திறந்து பார்க்காமல் விட்ட பழக்கம் எனக்குக் கிடையாது. தினமும் காலையில் காப்பி கலக்கிய ஸ்பூனாலேயே ஒவ்வொரு பாட்டிலையும் தொட்டுப் பார்த்தேன். பூஞ்சை பூத்துவிட்டது. "ஈர ஸ்பூனைப் போட்டா பூக்காம என்ன செய்யும்?"னு என் மனைவி கேட்கிறாள். அவள் உன் கட்சி. நான் உள்ளே வந்தால் உன்னோடு பேசுகிற போனைப் பட்டென்று வைத்துவிடுகிறாள். போதாததற்கு, போட்ட அன்றைக்கே ஒரு பாட்டிலைக் காணோம். உனக்குத்தான் அனுப்பியிருப்பாள், ரெண்டு பேரும் ருசி பார்த்துச் சிரிக்கறதுக்கு.

எனக்கு இப்போ சட்னி பெருசில்லை, மானம்தான் பெருசு. மகளைக் கட்டிக்கொடுத்த வீட்டுல சம்பந்தி என்னைப் பார்த்து, "ரிட்டயர் ஆகி சும்மாதானே இருக்கீங்க?"ன்னு கேட்டார். ரோஷம் வந்து, "சும்மாவா? நான் போடற சட்னியைச் சாப்பிட்டா விரலையும் சேர்த்துக் கடிச்சுக்குவீங்க"ன்னு சொல்லித் தொலைச்சேன். வர்ற ஞாயிற்றுக்கிழமை விரலோட வர்றாங்க. எனக்குப் பயமா இருக்கு அக்கா. அதுக்குள்ள நீ மறைச்ச சாமான் எதுன்னு சொல்லிடு. பூண்டா? கடுகா? சத்தியமா வெளியில விட மாட்டேன். அந்த மனுஷன் முன்னாடி நான் தலைகுனிஞ்சு நின்னா உனக்கு நல்லாவா இருக்கும்?

அத்தானுக்கு என் வணக்கம். பிள்ளைகளுக்கு என் ஆசிகள். உனக்கான வணக்கம், பதில் வந்த பிறகு.

இப்படிக்கு,
உன்னை நம்ப ஆசைப்படும்
தம்பி

பின்குறிப்பு: இதைத் தபாலில் போட மறந்து சட்டைப் பையிலேயே வைத்திருந்தேன். ஞாயிற்றுக்கிழமையும் வந்து போய்விட்டது. காணாமல் போன பாட்டில் என் மனைவியின் பீரோவில் துணிக்கு அடியில் ஒரு மாதமாகத் திறக்காமல் இருந்தது. என் கைக்கு எட்டாமல் ஒளித்து வைக்கச் சொன்னதே நீதானாம். சம்பந்தியம்மா தட்டை வழித்தார்கள், சம்பந்தி பாட்டிலுக்குள்ளேயே விரலை விட்டார். மேலே எழுதிய அத்தனையையும் வாபஸ் வாங்கிக்கொள்கிறேன். சம்பந்தியம்மா பக்குவம் கேட்டாங்க. இஞ்சியை மட்டும் விட்டுட்டு மத்ததெல்லாம் சொன்னேன். உனக்கும் போன் பண்ணுவாங்க, இஞ்சியைப் பத்தி மூச்சு விடாதே. சூதுவாது தெரியாத எனக்கே இது இவ்வளவு சுலபமா வருதே... சத்தியமா சொல்லுக்கா, என்கிட்ட நீ எதை விட்டே?