நிச்சயதார்த்தத்துக்காக நான் கழுவிய கட்டர்

அறிவே இல்லாதவனால் பெரிய ஆபத்து வராது. அரைகுறையாகத் தெரிந்தவனால்தான் வரும். இதை நான் சேலையூரில், மாமனார் வீட்டு வாசலில், முழங்கை வரை கரி எண்ணெய் வழிய நின்றபோது தெரிந்துகொண்டேன்.

அப்போது எனக்குக் கல்யாணமாகி எட்டு மாதம். மறைமலை நகரில் கார் உதிரிபாகம் செய்யும் ஆலையொன்றில் தரப் பரிசோதனைப் பிரிவில் இருந்தேன். தகரத்தில் மயிரிழைக் கீறல் இருந்தாலும் கண்டுபிடித்துவிடுவேன். (வீட்டில் உப்பு டப்பா எங்கே என்று கேட்டால் தெரியாது.)

மைத்துனி கிரேஸுக்கு ஞாயிற்றுக்கிழமை மாலை நிச்சயதார்த்தம். மாப்பிள்ளை டேனியல் பெருங்களத்தூரில் பள்ளி ஆசிரியர். கிரேஸ் சம்மதம் சொல்லியிருந்தாள். ஆனால் அதில் சுரத்தே இல்லை. "நல்லவர்தான்க்கா. ஆனா ரெண்டு வார்த்தைக்கு மேல பேச மாட்டேங்கறாரு, என்ன மனுஷன்னே புரியல" என்று என் மனைவி ஜெசியிடம் புலம்பிக்கொண்டிருந்தாள்.

மாமனாருக்கோ வேறு கவலை. வாசல் போர்டிகோவின் ஷீட் கூரை ஓரத்தில், மழைத் தண்ணீரை வாங்கிக் குழாயில் விடுகிற தகரக் கட்டர் இருந்தது. பக்கத்து வீட்டுப் பாதாம் மரத்து இலைகள் அதில் விழுந்து ஊறி, வெள்ளை பெயின்ட் மேலெல்லாம் பழுப்பும் கறுப்புமாகக் கோடுகள். அழுது மை கலைந்த முகம் மாதிரி இருந்தது.

"பெயின்டரை வரச் சொல்லியிருக்கேன்" என்றார் மாமனார்.

"எதுக்கு மாமா? கறையெல்லாம் எனக்கு ஒரு விஷயமா?" என்றேன்.

ஓய்வுபெற்ற தலைமையாசிரியர் அவர். பரீட்சைக்குப் படிக்காமல் வந்த மாணவனைப் பார்ப்பதுபோல என்னைப் பார்த்தார். ஆனால் மூத்த மருமகன் ஆயிற்றே, பெயின்டருக்குப் போன் போட்டு வர வேண்டாம் என்றார்.

சனிக்கிழமை காலை ஏணியில் ஏறி, கழிப்பறை கழுவும் ஆசிட்டை ஊற்றினேன். நுரை பொங்கியது. பத்து நிமிடத்தில் கோடுகளைக் காணோம். (பெயின்ட்டையும் காணோம். நான் அதைப் பளபளப்பு என்று நினைத்துக்கொண்டேன்.)

அதோடு நிறுத்தியிருக்கலாம். மறுபடி கறை பிடிக்காமல் இருக்க வேண்டாமா? எங்கள் ஆலையில் துரு பிடிக்காமலிருக்க எண்ணெய் பூசித்தான் பாகங்களை அனுப்புவோம். என் பைக்கிலிருந்து வடித்த பழைய எஞ்சின் ஆயில் ஒரு கேனில் இருந்தது. கட்டரின் உட்புறம் முழுக்கத் தடவினேன். "ஒரு சொட்டு அழுக்கு ஒட்டாது அத்தை" என்று மாமியாரிடம் உறுதியும் கொடுத்தேன்.

மறுநாள் மாலை மாப்பிள்ளை வீட்டார் காரை விட்டு இறங்கவும் மழை பிடித்துக்கொள்ளவும் சரியாக இருந்தது. எல்லோரும் போர்டிகோவுக்குள் ஓடிவந்தார்கள். டேனியல் கடைசியாக நின்று செருப்பைக் கழற்றினார். கட்டரைத் தாங்கியிருந்த கொக்கிகளில், ஆசிட் தின்றிருந்த ஒன்று 'டக்'கென்று விட்டது. கட்டர் சாய்ந்தது. அதிலிருந்த கறுப்புத் தண்ணீர் மொத்தமும் அவருடைய வெள்ளைச் சட்டையில் இறங்கியது.

"ஐயோ, எம்புள்ள!" என்றார் அவருடைய அம்மா.

அடுத்த கொக்கியும் ஆடியது. அதற்கு நேர் கீழே அந்த அம்மாதான் பட்டுப்புடவையில் நின்றிருந்தார். டேனியல் ஒரே எட்டில் போய்க் கட்டரைத் தோளில் தாங்கிக்கொண்டார். நான் மறுமுனைக்கு ஓடினேன். யாரோ கயிறு தேடப் போனார்கள். நாங்கள் இருவரும் சவப்பெட்டி தூக்குபவர்கள் மாதிரி நின்றோம்.

"சாரி தம்பி" என்றேன்.

"பரவால்லண்ணா. ஆமா, எண்ணெய் வாசன வருதே?"

"எஞ்சின் ஆயில். நான்தான் பூசினேன்."

அவர் தன் தோளை முகர்ந்து பார்த்தார். "எத்தனை கிலோமீட்டர் ஓடின ஆயில்ண்ணா?"

வாசற்படியில் களுக்கென்று ஒரு சிரிப்பு. துண்டோடு வந்திருந்த கிரேஸ், வாயைப் பொத்திக்கொண்டு நின்றாள். அவர் முகத்திலிருந்த எண்ணெயைத் துடைக்கப் போய், நெற்றி முழுக்க இழுகிவிட்டாள். மறுபடி சிரித்தாள். டேனியல் குரலைத் தாழ்த்தி என்னிடம் கேட்டார்: "அண்ணா, அவங்களுக்கு என்னைப் பிடிச்சிருக்கா? மூணு வாரமா கேக்க பயமா இருக்கு."

"நேத்து வரைக்கும் தெரியல தம்பி. இப்ப சந்தேகமே இல்ல" என்றேன்.

மாமனாரின் தொளதொளச் சட்டையில் டேனியல் மோதிரம் மாற்றிக்கொண்டார். மாமனார் என் பக்கம் வந்தார். காபி டம்ளரை என் கையில் கொடுத்துவிட்டு, "கையில எரிச்சல் இருக்கா மாப்ள?" என்று மட்டும் கேட்டார். திட்டியிருந்தால் தாங்கியிருப்பேன்.

புதுக் கட்டர் மாட்ட திருமுடிவாக்கத்திலிருந்து வந்த ஃபேப்ரிகேஷன்காரர், பழையதைத் தடவிப் பார்த்துவிட்டு என்னிடம் திரும்பினார். "இன்னா சார், ஆசிட்டா ஊத்தன? தகரம் இன்னா பாவம் பண்ணிச்சு? சோப்புத் தண்ணி, மெத்துன்னு ஒரு துணி, அவ்ளோதான். எலைய அள்ளிப் போட்டுக்கினே இரு, கறையே வராது."

அன்றிலிருந்து மழைக்காலத்துக்கு முன் நானும் டேனியலும் அப்படித்தான் செய்கிறோம்.

போன வருடம் அவர்கள் மகள் பள்ளியில் 'என் குடும்பம்' என்று கட்டுரை எழுதினாள். "பெரியப்பா எங்கள் அப்பாவுக்கு எண்ணெய் அபிஷேகம் செய்தார். உடனே அம்மாவுக்கு அப்பாவைப் பிடித்துவிட்டது" என்று ஒரு வரி. ஆசிரியை அதன் ஓரத்தில் சிவப்பு மையால் கேட்டிருந்தார்: "பெரியப்பா எந்தச் சபையில் போதகர்?"

இப்போது குடும்பத்தில் யாரும் என்னைப் பெயர் சொல்லிக் கூப்பிடுவதில்லை. மாமனார் உட்பட எல்லோருக்கும் நான் 'பாஸ்டர்'தான்.