கிருமி மிஸ்ஸின் ஆறு கிண்ணங்கள்

தன் கிருமிகளுக்கு மாட்டிறைச்சி சூப் காய்ச்சி ஊற்றிவிட்டுத் தான் மட்டும் வெள்ளிக்கிழமை விரதம் பிடித்த பெண், உலகத்திலேயே ஒருவர்தான் இருந்தார். அவர் வெள்ளவத்தையில் இருந்தார். உலகம் முழுவதையும் நான் பார்த்ததில்லை. ஆனாலும் அடித்துச் சொல்வேன்.

அவரை நாங்கள் கிருமி மிஸ் என்றோம். உண்மையில் அவர் எந்தப் பள்ளிக்கூடத்திலும் படிப்பித்தவர் அல்லர். பொரளைப் பக்கம் ஓர் ஆய்வுகூடத்தில் காலமெல்லாம் நுணுக்குக்காட்டிக்குள் கண்ணை வைத்திருந்துவிட்டு ஓய்வு பெற்றவர். கண்ணை வெளியே எடுத்ததும் எதிரில் நின்ற மனிதர்களுக்கெல்லாம் தான் உள்ளே கண்டதைச் சொல்லத் தொடங்கினார். பஸ்ஸில் சொன்னார், மரக்கறிக் கடையில் சொன்னார், லிப்டுக்குள் மாட்டியவர்களுக்குக் கதவு திறக்கும் வரை சொன்னார். அப்படித்தான் மிஸ் ஆனார்.

நான் அப்போது காலி வீதியில் இருந்து கடல் பக்கம் இறங்கும் ஓர் ஒழுங்கையில், ஹாஜியாரின் போட்டோகொப்பிக் கடையில் வேலை செய்தேன். என் படிப்பு எட்டாம் வகுப்போடு முடிந்தது. முடித்து வைத்தது நான் அல்ல, இடப்பெயர்வு. அதன்பிறகு மீன்வாடி, பேக்கரி, லொறி, கட்டார் என்று சுற்றிவிட்டு இந்தக் கடைக்கு வந்து சேர்ந்தேன். இரவில் தாள் வெட்டும் மேசைக்குக் கீழே படுக்கலாம் என்று ஹாஜியார் சொன்னார். அதற்கு மேல் ஒரு கடையிடம் என்ன எதிர்பார்ப்பது?

ஒரு நாள் மிஸ் தடித்த கொப்பி ஒன்றுடன் உள்ளே வந்தார். சின்னப் பிள்ளைகளுக்குக் கலங்களையும் நுண்ணங்கிகளையும் பற்றிப் புத்தகம் எழுதியிருக்கிறாராம். டைப் பண்ணி, படம் சேர்த்து, அச்சடித்துத் தரவேண்டும். நான் டைப் பண்ணத் தொடங்கினேன். முதல் பக்கத்திலேயே விரல் நின்றுவிட்டது.

"மிஸ், 'உன் உடம்பு ஒரு பெரிய லொட்ஜ். அதில் நீ மட்டும் இல்லை' எண்டு எழுதியிருக்கிறியள். வேற ஆர் இருக்கினம்?"

"கோடிக்கணக்கில இருக்கினம். உன்ர குடலுக்குள்ள இருக்கிற சனம் வெள்ளவத்தையை விடக் கூட."

"என்ர அனுமதி இல்லாமலோ?"

"நீ பிறந்த நாளில இருந்து. வாயைத் திற."

திறந்தேன். பற்குத்தியால் கன்னத்தின் உட்பக்கத்தைச் சுரண்டி எடுத்தார். கைப்பைக்குள் இருந்து ஒரு கண்ணாடித் துண்டு வந்தது, நீலச் சாயம் வந்தது, கடைசியாக ஒரு பழைய நுணுக்குக்காட்டியும் வந்தது. பார்த்தேன். நடுவில் கரும்புள்ளி வைத்த பொரித்த முட்டைகள் போல நீல நிறத்தில் சிதறிக் கிடந்தன.

"ஆர் மிஸ் இது?"

"நீதான்."

"சுத்திவரக் கிடக்கிற மற்றதுகள்?"

"அதுகளும் நீதான். கலம் கலமாக் கிடக்கிறாய்."

அன்று மத்தியானம் எனக்குச் சோறு இறங்கவில்லை. செல் குண்டு விழுந்த ஊர்களைத் தாண்டி வந்தவன் நான். என்னை இத்தனை துண்டாக ஒருவரும் எனக்குக் காட்டியதில்லை.

மிஸ்ஸிடம் ஒரு கண்டிப்பு இருந்தது. இணையத்தில் படம் எடுக்க விடமாட்டார். "ஊர் பேர் தெரியாத கிருமியை நான் பிள்ளையளுக்குக் காட்டமாட்டன். வெள்ளவத்தைக் கிருமியா இருக்கவேணும். பிள்ளை கை வைக்கிற இடத்தில இருந்து வரவேணும்." ஆகவே பஞ்சுக் குச்சியோடு வீதிக்குப் புறப்பட்டார். காலி வீதி பஸ்ஸில் கம்பியை அவர் துடைத்தபோது கொண்டக்டர் பதறிவிட்டான்.

"மே மொகத நோனா கரன்னே?" என்று கேட்டான், என்ன செய்கிறீர்கள் என்று.

"பயவென்ன எபா மல்லி," பயப்படாதே தம்பி என்றார் மிஸ். பிறகு அந்தக் கம்பியில் யார் யார் வசிக்கிறார்கள் என்று சிங்களத்தில் விளக்கினார். தெஹிவளை வரும்வரை அந்த பஸ்ஸில் ஒருவரும் கம்பியைப் பிடிக்கவில்லை. ஒவ்வொரு பிரேக்குக்கும் ஆட்கள் ஆள்மேல் ஆள் விழுந்தார்கள்.

எடுத்த கிருமியை வளர்த்தால்தான் கண்ணுக்குத் தெரியும். வளர்க்க ஒரு மெத்தை வேண்டும். அதைக் கடற்பாசியில் செய்தார் மிஸ். ஆம், நோன்பு மாதத்தில் கொழும்பு முஸ்லிம் வீடுகளில் சீனி போட்டுக் காய்ச்சி, ஆறவைத்து, கிண்ணம் கிண்ணமாகப் பரிமாறுகிறார்களே, அதே கடற்பாசிதான். சீனிக்குப் பதில் மாட்டிறைச்சி சூப். மிஸ் முட்டைகூடத் தொடாத சைவம். சேலைத் தலைப்பால் மூக்கைப் பொத்திக்கொண்டு எங்கள் கடைக்கு எதிரில் இருந்த இறைச்சிக் கடை வாசலில் நின்றார். கடைக்காரருக்குத் தலை சுற்றியது.

"மிஸ் எப்ப இருந்து சாப்பிடுற?"

"எனக்கில்லை. வளர்க்கிறதுகளுக்கு."

"நாயா, பூனையா?"

"சின்னதுகள்."

"எத்தின ஈக்குது?"

"எண்ணேலாது."

இதையெல்லாம் அவர் இவ்வளவு அவசரமாகச் செய்ததற்குக் காரணம் இருந்தது. கனடாவில் இருந்த தம்பி கூப்பிட்டு, விசாவும் வந்துவிட்டது. பெருநாள் கழிந்து இரண்டாம் நாள் விமானம். திரும்பி வரும் பயணம் அல்ல அது. "புத்தகம் அச்சில வராமல் நான் பிளேன் ஏறினா, அது என்ர பெட்டிக்குள்ளயே செத்துப்போகும் தம்பி," என்றார். வேறு அச்சகங்கள் ஏற்கெனவே கையை விரித்துவிட்டன. ஹாஜியார் மட்டும், "சின்னப் புள்ளைகளுக்குப் படிப்புக் குடுக்கிற வேல. நோம்பு மாசத்தில டியூசன்காரங்க வரமாட்டாங்க, மெசின் சும்மாத்தானே ஈக்குது. அடிச்சுத் தாறன்," என்றார். மிஸ்ஸின் நம்பிக்கை முழுவதும் அந்த ஒரு வாக்கில் தொங்கியது.

மொத்தம் ஆறு சின்னக் கண்ணாடிக் கிண்ணங்கள். பஸ் கம்பி ஒன்று, லிப்ட் பொத்தான் ஒன்று, சலூன் சீப்பு ஒன்று, கடைக் கணினியின் விசைப்பலகை ஒன்று, அவர் தங்கியிருந்த லொட்ஜின் பொதுக் கழிப்பறைக் கதவு ஒன்று. ஆறாவதற்கு ஹாஜியாரிடம் பெருவிரலைக் கேட்டார். அவர் சிரித்தார். "இப்பதான் தொழுகைக்குக் கை கழுவிட்டு வாறன். என்ட கையில ஒண்டும் ஈக்காது. பாத்துக்கங்க," என்று கடற்பாசியில் பெருவிரலைப் பதித்தார். ஒவ்வொரு கிண்ணத்தின் அடியிலும் மிஸ் பெயர் எழுதி ஒட்டினார். மேலே மெல்லிய பிளாஸ்டிக் தாள்.

"ரெண்டு நாள் மெசினுக்குப் பின்னால வெக்கையில வை. பிறகு பிரிட்ஜில வை. நான் வந்து படம் எடுக்கிறன்."

நான் சொன்னபடி செய்தேன். சொன்னபடி செய்வதும் ஆபத்து என்று அந்த வயதில்தான் தெரிந்தது.

நோன்பு மாதத்தில் வீட்டுக்கு வீடு பலகாரம் போகும், வரும். ஹாஜியாரின் வீடு கடைக்கு மேல்மாடியில் இருந்தது. படி ஏற அலுப்புப்பட்டவர்கள் கிண்ணங்களைக் கடை பிரிட்ஜில் வைத்துவிட்டுப் போவார்கள். மாலையில் ஹாஜியாரின் மனைவி இறங்கி வந்து எடுத்துப் போவார். அன்று நான் தாள் வாங்க வெளியே போயிருந்த நேரத்தில் வந்து எடுத்துப் போனார்.

நான் திரும்பியபோது பள்ளிவாசலில் நோன்பு திறக்கும் பாங்கு கேட்டு முடிந்திருந்தது. மிஸ் பிரிட்ஜைத் திறந்தபடி நின்றார். உள்ளே ஒரு தண்ணீர்ப் போத்தல் மட்டும் இருந்தது.

"தம்பி, என்ர பிள்ளையள் எங்க?"

நான் மேல்மாடியைப் பார்த்தேன். மிஸ்ஸும் பார்த்தார். அந்த வயதில் ஒரு பெண் படிகளை அப்படி ஏறி நான் கண்டதில்லை.

"ஒருத்தரும் வாயில வையாதேங்கோ!"

ஹாஜியார் கரண்டியை நக்கிக்கொண்டிருந்தார். முன்னால் ஒரு வெறுங்கிண்ணம்.

மிஸ்ஸின் முகத்தில் இரத்தம் இல்லை. மேசையில் மிஞ்சியிருந்த ஐந்து கிண்ணங்களையும் ஒவ்வொன்றாகத் தலைக்குமேல் தூக்கி அடியில் ஒட்டியிருந்ததை வாசித்தார். "பஸ் கம்பி இருக்கு. சீப்பு இருக்கு. லிப்ட் இருக்கு. விசைப்பலகை..." ஐந்தாவதை இரண்டு கையாலும் தூக்கினார். "கக்கூசுக் கதவு! இருக்கு! கடவுளே, இருக்கு!"

கக்கூசுக் கதவு என்ற சொல்லைக் கேட்டதும் ஹாஜியாரின் மனைவி நாற்காலியில் இருந்துவிட்டார். ஹாஜியார் மெதுவாகத் தன் வெறுங்கிண்ணத்தைத் திருப்பினார். உரத்து வாசித்தார்.

"ஹாஜியார். பெருவிரல்."

மிஸ் மற்ற ஐந்து கிண்ணங்களையும் தன் பக்கம் இழுத்துக்கொண்டார்.

"இனிப்பு இல்லாம உப்பா ஈக்குதே எண்டு நெனச்சன்," என்றார் ஹாஜியார். குரல் கிணற்றுக்குள் இருந்து வந்தது. "எனக்குச் சீனி வருத்தம் எண்டு தெரிஞ்சு யாரோ நல்ல மனுசர் செஞ்சு அனுப்பினது எண்டு இவ சொன்னா. குடுத்தவங்கட மனசு நோகக்கூடாதெண்டு முழுசாத் திண்டன். மேல கசகசா தூவினது போல ஈந்திச்சி."

"அது கசகசா இல்லை," என்றார் மிஸ். பொய் அவருக்கு வராது.

ஹாஜியார் நெஞ்சைப் பிடித்தார். பிறகு ஏதோ நினைவு வர, இன்னும் பயந்தார். "சூப்பு? இறைச்சி எங்க வாங்கின?"

"எதிர்க் கடையில. உங்கட ஆக்களின்ட கடைதான்."

"அல்ஹம்துலில்லாஹ்," என்றார் ஹாஜியார். அதற்குப் பிறகுதான் வாந்தி எடுக்க ஓடினார். ஒன்றும் வரவில்லை.

"பயப்பிடாதேங்கோ," என்று மிஸ் கதவுக்கு வெளியே நின்று சொன்னார். "வெளியாக்கள் இல்லை. உங்கட கையில இருந்தவைதான். வீட்டுக்குத் திரும்பி வந்திருக்கினம்."

ஆறுதல் சொல்லத் தெரியாதவர்கள் ஆறுதல் சொல்லக்கூடாது. உள்ளே இருந்து ஹாஜியார் கத்தினார்: "இந்தப் பொம்பள இனி இந்தப் படி ஏறக்கூடாது! அந்தப் பொஸ்தகமும் என்ட மெசின்ல ஏறாது!"

மிஸ் இறங்கி வந்தார். கொப்பியை எடுத்துக் கைப்பைக்குள் வைத்தார், பிறகு வெளியே எடுத்தார், என்னிடம் தந்தார். பெருநாளுக்கு இன்னும் எட்டு நாள் இருந்தது.

டொக்டர் வயிற்றைத் தட்டிப் பார்த்துவிட்டு, மூன்று நாள் கவனித்தால் போதும் என்றார். அந்த மூன்று நாளும் ஹாஜியார் கட்டிலில் நேராகப் படுத்து, முகட்டைப் பார்த்தபடி, தனக்குள் நடப்பதைக் கேட்டுக்கொண்டிருந்தார். மிஸ் தினமும் காலையில் வந்து கீழ்ப்படியில் நிற்பார். "வயிறு எப்பிடி?" நான் இருபத்திரண்டு படி ஏறுவேன். "இன்னும் ஒண்டும் நடக்கல்ல எண்டு செல்லு." இருபத்திரண்டு படி இறங்குவேன்.

இரண்டாம் நாள் ஹாஜியார் என்னைக் கூப்பிட்டார். "மகன், அந்தப் பொஸ்தகத்தக் கொண்டா. எனத்த உள்ளுக்குப் போச்செண்டு எனக்குத் தெரிய வேணும்."

டைப் பண்ணிய தாள்களைக் கொடுத்தேன். எட்டு வயதுப் பிள்ளைக்கு எழுதியதை அறுபது வயது மனிதர் மூக்குக்கண்ணாடி போட்டு, விரல் வைத்து வாசித்தார். அரைமணி நேரத்தில் முதல் கேள்வி இறங்கியது.

"இருவது நிமிசத்தில ஒண்டு ரெண்டாப் பிரியுமாமே. அப்ப இந்த நேரத்துக்கு எத்தின ஈக்கும்?"

மிஸ் கீழிருந்து பதில் அனுப்பினார்: "வயித்தில அமிலம் இருக்கு. அது வாசல் காவல்காரன். பதினெட்டாம் பக்கம் பாக்கச் சொல்லு."

ஏறினேன். இறங்கினேன்.

"நல்லது, கெட்டது எண்டு ரெண்டு சாதி ஈக்குதாம். எனக்குள்ள போனது நல்லதா, கெட்டதா?"

மிஸ் கொஞ்சம் யோசித்தார். "இவ்வளவு காலமும் அவரின்ட கையில இருந்து அவருக்கு ஒரு தீங்கும் செய்யேல்லை எண்டு சொல்லு."

மேலே ஹாஜியார் இதைக் கேட்டுவிட்டுத் தன் பெருவிரலை நெடுநேரம் பார்த்தார்.

மூன்றாம் நாள் மத்தியானம் வந்தது கேள்வி அல்ல. "மகன், பதினோராம் பக்கத்தில கலத்துக்கு நடுவில ஈக்கிற கரு கறுப்பில ஈக்குது. சுத்திவரயும் கறுப்பு. புள்ளைக்குப் பிடிபடாது. கருவுக்குச் சிவப்புப் போடச் செல்லு. எழுத்தும் ரெண்டு பொயின்ட் கூட்ட வேணும்."

நான் படிகளில் விழுந்தெழும்பி இறங்கினேன். "மிஸ்! கருவுக்குச் சிவப்புப் போடட்டாம்!"

மிஸ் அந்தக் கீழ்ப்படியிலேயே இருந்துவிட்டார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். துடைத்தது கண்ணாடியை மட்டும் அல்ல.

அன்று பின்னேரம் ஹாஜியார் தானே இறங்கி வந்தார். கொஞ்சம் மெலிந்திருந்தார். மிஸ்ஸுக்கு முன்னால் பெருவிரலை நீட்டினார். "படத்தத்தான் நான் திண்டுட்டன். படம் இல்லாம பொஸ்தகம் எப்பிடி? எடுங்க. கீழ என்ட பேர் போடாதீங்க. வெள்ளவத்தை எண்டு மட்டும் போடுங்க." இந்த முறை பிரிட்ஜ் சாவி அவரிடமே இருந்தது.

பெருநாளுக்கு முதல் நாள் புத்தகத்தின் கடைசிக் கட்டைத் தைத்து முடித்தோம். மிஸ் ஐந்து பிரதிகளைப் பெட்டியில் உடுப்புக்கு நடுவில் வைத்துக்கொண்டு விமானம் ஏறினார்.

சில மாதம் கழித்து வட்ஸ்அப்பில் அழைப்பு வந்தது. மிஸ்ஸின் குரல் மெலிந்திருந்தது.

"இஞ்ச ஒண்டும் முளைக்குதில்லை தம்பி. பஸ் கம்பியில எடுத்தன், லிப்டில எடுத்தன். கிண்ணம் கழுவி வைச்ச மாதிரிக் கிடக்கு. ஒருத்தரும் ஒண்டையும் தொடுகினமில்லை. எல்லாரும் கையுறை." பிறகு மெதுவாக, "புத்தகம்... ஆரும் கேட்டினமே?"

"அடிச்சதெல்லாம் முடிஞ்சுது மிஸ். கொப்பி எடுக்க வாற தாய்மாருக்கெல்லாம் ஹாஜியார் கையில திணிக்கிறார். பதினெட்டாம் பக்கத்தைத் தானே விளங்கப்படுத்துறார். இன்னொருக்கா அடிக்கச் சொல்லிப்போட்டார். இப்ப மெசின்ல ஓடுறது உங்கட புத்தகம்தான்."

நான் போனை மற்றக் காதுக்கு மாற்றினேன்.

"மிஸ், ஏதும் அனுப்பட்டோ? மிளகாய்த்தூள், புளுக்கொடியல்?"

"ஒண்டும் வேண்டாம். போனை வையாதை. மெசின் சத்தம் கேக்குது. கொஞ்ச நேரம் கேக்கிறன்."

அச்சுக்கு வைத்த தாள்கட்டு சீக்கிரமே முடிந்துவிட்டது. நான் வெறும் தாளைப் போட்டு ஓட்டிக்கொண்டே நின்றேன்.