யாரும் அறுக்காத கோழி

இன்னிக்கு எனக்குக் கொடுத்த வேலை ஒன்னே ஒன்னு. மச்சானுக்கு டோஃபு பொரிச்சு வைக்கணும். அவ்வளவுதான்.

கேட்க எவ்வளவு சாதுவா இருக்கு பாருங்க!

அக்காவுக்குக் கல்யாணம் முடிஞ்சு ஒரு வாரம்தான் ஆகுது. எங்க கூத்தாநல்லூர்ல புது மாப்பிள்ளைன்னா சொந்தக்காரங்க வீட்டுக்கு வீடு கூப்பிட்டு விருந்து வைப்பாங்க. விருந்துன்னா கறி. ஆட்டுக்கறி பிரியாணி, எலும்பு போட்ட தால்சா, கறி வறுவல். இன்னிக்கு எங்க வீட்டு முறை.

காலையில அக்கா என்னைக் கொல்லைப்பக்கம் இழுத்துட்டுப் போனா.

"யார்கிட்டயும் சொல்லிடாதடி. உன் மச்சான் கறி திங்க மாட்டார்."

நான் சிரிச்சேன். அவ சிரிக்கல.

மச்சான் அமெரிக்காவுல, லூசியானாங்கிற மாநிலத்துல ஏதோ ஒரு குட்டி ஊர்ல வேலை பாக்குறார். அங்க போனதிலேர்ந்து சைவமாம். இங்க சொல்லக் கூச்சம். பெத்த தாய்கிட்டயே சொல்லலையாம். இதுவரைக்கும் போன விருந்துல எல்லாம் வெங்காயத் தயிரை மட்டும் தொட்டுத் தொட்டு நக்கிட்டு, "போதும், வயிறு நெறஞ்சிடுச்சு"ன்னு எந்திரிச்சிருக்கார். எல்லாரும், "எவ்வளவு அடக்கமான புள்ள!"ன்னு பாராட்டியிருக்காங்க. புள்ள பசியில செத்துக்கிட்டு இருந்திருக்கு.

"முடியல, நாளைக்கே மெட்ராஸ் போயிடலாம்னு சொல்றாருடி" என்றாள் அக்கா. "நம்ம வீட்டு விருந்து முடிஞ்ச மறுநாளே மாப்பிள்ளை கிளம்பினா தெருவுல என்ன பேசுவாங்க? பொண்ணு வீட்டு சாப்பாடு பிடிக்காம ஓடிட்டான்னு பேசுவாங்க. இன்னிக்காவது அவர் வயிறு நெறைய சாப்பிட்டு எந்திரிக்கணும்."

"அத்தாகிட்ட சொல்லிட வேண்டியதுதானே?"

"மாப்பிள்ளைக்குன்னு ஊர் ஊரா அலைஞ்சு இளங்கிடா பாத்துப் புடிச்சிட்டு வந்திருக்கார். அவர்கிட்ட நீ போய்ச் சொல்றியா?"

நான் நல்லா இருக்கணும்னு நினைக்கிறவ. அத்தாகிட்ட, அதான் எங்க அப்பாகிட்ட, சொல்ல மாட்டேன்.

மச்சான் பெட்டியிலேர்ந்து ஒரு டப்பாவை எடுத்து என் கையில திணிச்சா. கேஜுன் மசாலா. அந்த ஊர்க்காரங்க மீனோ கோழியோ எது கெடச்சாலும் இதைத் தடவி, கருகக் கருகப் பொரிப்பாங்களாம். மச்சான் டோஃபுவுல, அதான் பன்னீர் மாதிரி இருக்கிற சோயாக் கட்டியில, தடவிப் பொரிச்சுச் சாப்பிடுவாராம். அதுதான் அவருக்குப் பிரியாணியாம். பாவம்.

அப்போதான் என் மண்டையில பல்பு எரிஞ்சுது. சிவக்கச் சிவக்கப் பொரிச்சா அது பாக்க எலும்பில்லாத கோழி மாதிரியே இருக்குமே! கோழின்னு சொல்லியே வச்சிடலாம். மாப்பிள்ளை கறி தின்னார்னு அத்தாவுக்குச் சந்தோஷம். சைவம் கெடச்சுதுன்னு மச்சானுக்குச் சந்தோஷம். ஒரு வீட்டையே ஏமாத்தினேன்னு எனக்குச் சந்தோஷம்.

ஏமாத்துறதுல நான் எப்படின்னு உங்களுக்குத் தெரியாது. யார் குரல்லயும் பேசுவேன். கெமிஸ்ட்ரி மிஸ் குரல்ல ஒரு தடவை முழு கிளாஸையும் கிரவுண்டுக்கு அனுப்பினவ. ஆனா என் ஸ்பெஷல் ஐட்டம் பக்கத்து வீட்டு ஹாஜியார் குரல்தான். பாதி ஆயுசு பினாங்குல கடை வச்சிருந்துட்டு வந்தவர். எந்தப் பேச்சுக்கும் வால்ல ஒரு 'லா' போடுவார். முதல்ல ரெண்டு இருமல் இருமிட்டு, "ஏ இப்ராஹிமு! இருக்கியா லா?"ன்னு நான் ஜன்னல் ஓரமா கூப்பிட்டா, அத்தா கைலியை இறுக்கிக் கட்டிக்கிட்டே வாசலுக்கு ஓடுவார்.

சரி, டோஃபு. எங்க ஊர் ஃபாரின் சாமான் கடையில போய்க் கேட்டேன்.

"பாதாம் இருக்கு, டாங்கு டப்பா இருக்கு, தலைவலித் தைலம் இருக்கு. நீ கேக்குறத தலையில தேய்ப்பாங்களா, வாயில போடுவாங்களா?" என்றார் கடைக்காரர்.

பஸ் ஏறி திருவாரூர் போனேன். அங்க ஒரு பெரிய கடை ஃப்ரிட்ஜுக்குள்ள, தயிருக்குப் பின்னாடி ஒளிஞ்சுக்கிட்டு இருந்துச்சு. இருந்த எல்லாப் பாக்கெட்டையும் அள்ளிட்டு வந்தேன்.

பாக்கெட்டைப் பிரிச்சா ஒரே தண்ணி. போன்ல பாத்த வீடியோவுல ஒரு அம்மா தேன் ஒழுகுற குரல்ல சொல்றாங்க: "கனமான பொருளை மேல வச்சு, தண்ணியை வடிய விடுங்க கண்ணுங்களா."

அம்மிக் குழவியை வச்சேன். ஒரு டோஃபு அதே இடத்துல சட்னியா போச்சு. மத்ததுக்கு என் பிளஸ் ஒன் பிசிக்ஸ் கைடை வச்சேன். தண்ணி அழகா வடிஞ்சுது. அந்தக் கைடால எனக்கு ஒரு பிரயோஜனம் நடந்தது இதுதான் முதல் தடவை.

மசாலாவை விரல்ல தொட்டு நாக்குல வச்சேன். பூண்டு, மிளகு, ஓமம் மாதிரி ஒரு வாசனை. காரம்? சுமார்தான். இதையா அமெரிக்காவுல காரம்னு சொல்றாங்க? நம்ம வீட்டு மிளகாத்தூளைக் கரண்டி கரண்டியா அள்ளிப் போட்டேன். திருவாரூர் ஜில்லா மானம் போகக்கூடாதுல்ல!

தோசைக்கல் புகைய ஆரம்பிச்சதும் துண்டுகளைப் போட்டேன். தேன் குரல் அம்மா, "கருகுதேன்னு பயப்படாதீங்க, கருகணும்" என்றார்.

கருகுச்சு. புகை அடுப்படியை நெறச்சு, கூடத்தைத் தாண்டி, தெருவுக்கும் போயிடுச்சு. அண்ணன் கண்ணைக் கசக்கிக்கிட்டே மாடிக்கு ஓடினான். பக்கத்து வீட்ல ஹாஜியார், அசல் ஹாஜியார், இரும ஆரம்பிச்சவர் நிறுத்தவே இல்ல.

அம்மா முந்தானையால மூக்கைப் பொத்திக்கிட்டு வந்தாங்க. "என்னடி தீயுது?"

"கோழிம்மா. அமெரிக்கா ஸ்டைல்."

"தீஞ்சுபோன கோழியையா மாப்பிள்ளைக்கு வைக்கப்போற?"

"அங்க தீய்ச்சாத்தாம்மா மரியாதை."

அம்மா என்னை ஏற இறங்கப் பாத்தாங்க. பிரியாணிக்கு தம் போடுற அவசரத்துல நம்பிட்டாங்க.

துண்டெல்லாம் செக்கச்செவேல்னு, ஓரம் கருத்து, அச்சு அசல் கோழி! ஒரு தட்டுல அடுக்கி எலுமிச்சம்பழம் பிழிஞ்சு, பெருமையா கூடத்துக்குத் தூக்கிட்டுப் போனேன்.

போய்ப் பாத்தா, தரையில விரிப்பு. நடுவுல சஹன்.

சஹன்னா பெரிய தாம்பாளம். நாலு பேர் சுத்தி உக்காந்து அந்த ஒரே தட்டுலதான் சாப்பிடணும். தனித்தட்டு கெடையாது. நல்ல துண்டா பாத்து விருந்தாளி பக்கம் தள்ளி விடுறதுதான் பாசம். பொறந்ததுலேர்ந்து விசேஷத்துக்கு விசேஷம் சஹன்ல சாப்பிடறவளுக்கு, திட்டம் போடும்போது மட்டும் அது ஞாபகமே வரல!

மச்சான், அத்தா, அத்தாவோட தம்பி சாச்சா, என் அண்ணன். நாலு பேரும் உக்காந்தாச்சு. சஹன்ல பிரியாணி மலை. நான் தட்டை மச்சானுக்கு நேரா வச்சேன். மச்சான் முகத்துல அப்படி ஒரு வெளிச்சம்! ஒரு வாரத்துக்கு அப்புறம் மனுஷன் சோறு பாக்குறார்.

"இது என்னம்மா புதுசா?" என்று கேட்டுக்கிட்டே அத்தா தட்டை அப்படியே பிரியாணி மேல கவுத்தார்.

"கோழித்தா" என்றேன்.

சாச்சா ஒன்னை எடுத்து வாயில போட்டார். கண்ணை மூடினார். "அடேயப்பா! பஞ்சு மாதிரி இருக்கு! காரம் காதுல வருது!" அடுத்தது. அடுத்தது. அண்ணன் மெஷின் மாதிரி எடுத்தான்.

மச்சான் கை டோஃபு பக்கம் போகும். அதுக்குள்ள அத்தா ஒரு தொடைக்கறியைப் பிச்சு அவர் பக்கம் தள்ளுவார். "மாப்பிள்ளை, கோழியெல்லாம் சின்னப் பசங்களுக்கு. நீங்க கிடாவைச் சாப்பிடுங்க." மச்சான் முன்னாடி கறி குவியுது. டோஃபு கரையுது. மச்சான் வெங்காயத் தயிரைத் தேட ஆரம்பிச்சார்.

கதவுத் திரைக்குப் பின்னாடிலேர்ந்து அக்கா என்னை ஒரு பார்வை பாத்தா. கிடாவே அந்தப் பார்வையைப் பாத்திருந்தா தானா வந்து படுத்திருக்கும்.

ஒரே வழிதான். அத்தாவை எழுப்பணும். வீட்டுக்காரர் எந்திரிச்சா மரியாதைக்கு மத்தவங்களும் கையை நிறுத்துவாங்க. அந்த இடைவெளியில மிச்ச டோஃபுவை மச்சான் பக்கம் ஒதுக்கிடலாம்.

பக்கத்து ரூம் ஜன்னலுக்கு ஓடினேன். ரெண்டு இருமல். "ஏ இப்ராஹிமு! கொஞ்சம் வந்துட்டுப் போ லா!"

அத்தா எந்திரிச்சார். சாச்சாவும் அண்ணனும் கையை நிறுத்தினாங்க. நான் கூடத்துக்கு வந்து, தண்ணி வைக்கிற சாக்குல கரண்டியால மிச்சத் துண்டையெல்லாம் மச்சான் பக்கம் தள்ளினேன். அவர் ஒன்னை எடுத்து வாயில வச்சார். கண்ணு கலங்கிடுச்சு. மிளகாத்தூளாலயா, சந்தோஷத்தாலயான்னு கேக்கல.

ரெண்டாவது துண்டை எடுக்கப் போறார், வாசல்ல அத்தா குரல்: "இடம் விடுங்க, இடம் விடுங்க! ஹாஜியார் வந்திருக்கார்!"

வாசல்ல யாரையும் காணோம்னதும் அத்தா நேரா பக்கத்து வீட்டுக்கே போயி, எதுக்குன்னு கேக்காமலே விருந்துக்குக் கையோட கூட்டிட்டு வந்துட்டார். ஹாஜியாரை எங்க உக்கார வச்சார்? மச்சான் பக்கத்துல. டோஃபு குவியலுக்கு நேரா.

பெரியவராச்சே! நான் ஒதுக்கி வச்சதையெல்லாம் மச்சான் மரியாதையா அவர் பக்கம் தள்ளினார். ஹாஜியார் நிதானமா, ஒன்னு விடாம சாப்பிட்டார்.

"எந்தக் கடைக் கோழிம்மா இது?" சாச்சா விரலை நக்கிக்கிட்டே கேட்டார். "நம்ம ஊர்க் கறிக்கடையில இன்னிக்குக் கோழி அறுக்கலையே?"

என் வாய் என்னைக் கேக்காமலே திறந்துச்சு. "மச்சான் அமெரிக்காலேர்ந்து கொண்டு வந்தது!"

சாச்சா விரலை வாயிலேர்ந்து எடுத்தார்.

அத்தா மெதுவா கேட்டார். "அமெரிக்காக் கோழியா? ஹலாலா? யாரும்மா அறுத்தது?"

"யாரும் அறுக்கலத்தா." சத்தியமான உண்மை.

சாச்சா எந்திரிச்சுக் குழாயடிக்கு ஓடினார். அவர் கொப்பளிக்கிற சத்தம் தெருமுனை வரைக்கும் கேட்டிருக்கும். அண்ணன் பாதி மென்னதை வாயிலயே வச்சுக்கிட்டு முழிச்சான். அத்தா மச்சானைப் பாத்தார். கொடுத்த பொண்ணைத் திருப்பி வாங்கலாமான்னு யோசிக்கிற மாதிரி ஒரு பார்வை. திரைக்குப் பின்னாடி அக்கா விசும்புற சத்தம்.

வயிறு நெறைக்கிறேன்னு போயி அக்கா வாழ்க்கையையே கவுத்துட்டேன்!

ஹாஜியார் மட்டும் மென்னுக்கிட்டே இருந்தார். முழுங்கினார். ரெண்டு இருமல்.

"ஏன் லா இப்படி ஆளாளுக்கு ஓடுறீங்க? இது கோழி இல்ல. தவ்ஹூ!"

"என்னது?"

"தவ்ஹூ லா. சோயாப் பாலைத் திரிய வச்சுக் கட்டுறது. பினாங்குல தெனம் காலையில சீனக் கிழவன் சைக்கிள்ல கொண்டு வருவான். எத்தனை வருஷம் ஆச்சு இதைத் தின்னு! இன்னும் இருக்கா?"

இல்ல. நீங்கதான் முடிச்சீங்க.

அத்தா என் பக்கம் திரும்பினார். அதுக்குள்ள மச்சான் வாயைத் திறந்தார். கல்யாணத்துக்கு அப்புறம் அவர் முழுசா பேசினதே இப்பத்தான்.

"அவளைத் திட்டாதீங்க மாமா. நான் இருக்கிற ஊர்ல ஹலால் கறி கெடைக்காது. அதனால காய்கறியே சாப்பிட்டுப் பழகிட்டேன். இப்போ கறி வாசமே ஒத்துக்கல. நீங்க ஆசையா கிடா புடிச்சிட்டு வந்தீங்க, எப்படிச் சொல்றதுன்னு..."

அத்தா முகம் சுருங்கி, யோசிச்சு, மலர்ந்துச்சு. "ஹாஜியாரே, கேட்டீங்களா? ஹலால் இல்லேன்னு கறியையே விட்டிருக்கார்! எந்த வீட்டு மாப்பிள்ளை இப்படி இருப்பார்?" இந்த வசனத்தை நாளைக்குள்ள ஊர் முழுக்கச் சொல்லி முடிச்சிடுவார், எனக்குத் தெரியும்.

அம்மாவுக்கு வேற கவலை. "அப்ப என் புள்ள ஒரு வாரமா சாப்பிடவே இல்லையா?"

அடுப்படியில தேடினாங்க. தால்சாவுல எலும்பு. கத்தரிக்காயில இறால். ஊறுகாயைத் திறந்தா அதுவும் மீன் ஊறுகாய்! கடைசியில அம்மா தனக்குன்னு எடுத்து வச்சிருந்த பழைய சோத்துச் சட்டியைத் தயங்கித் தயங்கிக் கொண்டு வந்தாங்க. கூட சின்ன வெங்காயம், மோர் மிளகா.

மாப்பிள்ளை விருந்துல பழைய சோறு! வெளிய சொன்னா வெட்கம். மச்சான் சட்டியைத் தன் பக்கம் இழுத்து வச்சுக்கிட்டு, வழிச்சு வழிச்சுக் குடிச்சு, அடியில இருந்த பருக்கையையும் விடல. பெரிசா ஒரு ஏப்பம் விட்டார். திரைக்குப் பின்னாடி அக்கா சிரிச்சா. நாளைக்கு மெட்ராஸ் இல்லையாம்.

எல்லாம் சுபம்னு நழுவப் பாத்தேன்.

"ஆமா ஹாஜியாரே," அத்தா கேட்டார், "என்னை எதுக்குக் கூப்பிட்டீங்க?"

"நான் எங்க லா கூப்பிட்டேன்? நீயா வந்தே, விருந்துன்னே. நான் ஏன் இல்லேன்னு சொல்லணும்?"

மொத்தக் கூடமும் என்னைப் பாத்துச்சு. சஹனை நான்தான் தேய்ச்சேன்.

சாயந்திரம் வாசல்ல ரெண்டு இருமல், "ஏ இப்ராஹிமு!"ன்னு குரல். அத்தா நாற்காலியை விட்டு அசையாம கத்தினார்: "வாயை மூடிக்கிட்டு உள்ள வந்து படி, கழுத!"

அசல் ஹாஜியார். தவ்ஹூ எந்தக் கடையில வாங்கினோம்னு கேக்க வந்திருக்கார்.

இனிமே எங்க வீட்டுக்கு வந்தா கூப்பிட மாட்டாராம், காலிங் பெல்தான் அடிப்பாராம்.

பரவாயில்ல, நான் இப்போ அந்த பெல் சத்தத்தைத்தான் பழகிக்கிட்டு இருக்கேன்.