பத்தொன்பது பேருக்கு நான் வாங்கிய தடை

அரசு வேலைக்காக வழக்குப் போட்டவர்களில், எதிர்த்தரப்பு வீட்டுக்கே பெண் பார்க்கப் போய் பஜ்ஜி தின்றவன் நான் ஒருவனாகத்தான் இருப்பேன்.

மதுரையில் உயர் நீதிமன்றக் கிளை வந்த புதிது. அதுவரை வழக்கென்றால் சென்னைக்கு ரயில் ஏற வேண்டும். இப்போதோ திண்டுக்கல்லில் இட்லி சாப்பிட்டுவிட்டு பஸ் ஏறினால் பத்து மணிக்குக் கோர்ட்டில் நிற்கலாம். இந்த வசதிதான் என்னைக் கெடுத்தது.

அப்போது எனக்கு இருபத்தொன்பது வயது. டைப்ரைட்டிங் சொல்லிக்கொடுத்துக்கொண்டிருந்தேன். ஓர் அரசு அலுவலகத்தில் இளநிலை உதவியாளர் வேலைக்கு ஆள் எடுத்தார்கள். வேலைவாய்ப்பு அலுவலகத்தில் எனக்குப் பின்னால் பதிந்தவர்களுக்கெல்லாம் நேர்முகத் தேர்வுக்குக் கடிதம் வந்தது, எனக்கு வரவில்லை. ஊழல்தான் என்று முடிவு கட்டிவிட்டேன். (விசாரிக்கவெல்லாம் இல்லை. கோபத்தில் இருப்பவனுக்கு விசாரணை எதற்கு?)

வக்கீல் என் பதிவு அட்டையின் முன்பக்கத்தைப் பார்த்தார். "மூப்பு இருக்குல்ல தம்பி? அம்புட்டுதான், பாத்துக்கிருவோம்" என்றார். தேர்வான பத்தொன்பது பேருக்கும் பணி ஆணை கொடுக்க இடைக்காலத் தடை கிடைத்தது. தெரு முழுக்கச் சொல்லிப் பீற்றிக்கொண்டேன்.

பத்து நாள் கழித்து, அம்மாவும் நானும் தாடிக்கொம்புக்குப் பெண் பார்க்கப் போனோம். பெண்ணின் பெயர் ஜெயந்தி. அப்பா சம்பங்கி விவசாயி. பஜ்ஜியை வைத்துவிட்டு அவர் பெருமூச்சு விட்டார்.

"பாப்பாவுக்கு கவர்மெண்டு வேல கெடச்சிருச்சு தம்பி. ஆர்டர் வாங்குற நேரத்துல எவனோ ஒரு வெளங்காதவன் மதுரை கோர்ட்டுல தடை வாங்கிப்புட்டான்."

எந்த அலுவலகம் என்று கேட்டேன். சொன்னார். நான் தடை வாங்கிய அதே அலுவலகம். "பாவம்" என்று சொல்லி நிறுத்தியிருக்கலாம். "இந்த மாதிரி ஆளுகள சும்மா விடக்கூடாதுங்கய்யா" என்றும் சேர்த்துச் சொன்னேன்.

அம்மாவுக்குக் கோர்ட் என்ற சொல் மட்டும்தான் காதில் விழுந்தது போல. "எம்மவனும் மதுரை கோர்ட்டுல கேசு போட்ருக்கான்ல. ஒரே கேசுல பத்தொம்போது பேரு வேலைய நிப்பாட்டிட்டான்" என்றாள் பெருமையாக.

என் பக்கம் நீட்டிய காபியை ஜெயந்தி அப்படியே பின்னால் இழுத்துக்கொண்டாள். "கார்டு வச்சிருக்கீங்களா?" என்றாள். வழக்குப் போட்ட நாளிலிருந்து அதைச் சட்டைப்பையிலேயே சுமந்து திரிந்தேன். எடுத்துக் கொடுத்தேன். அவள் பின்பக்கம் திருப்பினாள்.

"மூணு வருசத்துக்கு ஒருக்கா புதுப்பிக்கணும். நீங்க புதுப்பிக்கவே இல்ல. உங்க பதிவு போயி ஒரு வருசமாச்சு."

என்னிடம் படித்த பிள்ளைகளை வரிசையில் நிறுத்தி, அட்டையைப் புதுப்பிக்க வைத்தவனே நான்தான். என் அட்டையை மட்டும் மறந்திருக்கிறேன்.

"சாப்ட்டாச்சுல்ல? பஸ்சு வந்துரும்" என்றார் ஜெயந்தியின் அப்பா.

அன்று நான் பட்ட வெட்கம் கொஞ்சநஞ்சமல்ல. பத்தொன்பது பேரில் ஒரு முகத்தைப் பார்த்தாகிவிட்டது. பார்க்காத மற்ற பதினெட்டு முகங்களும் சேர்ந்து என்னைத் தூங்கவிடவில்லை. மறுநாளே மதுரைக்குப் போனேன். "இன்னும் கொஞ்ச நாளு இழுக்கலாமே தம்பி" என்ற வக்கீலைக் கெஞ்சி வழக்கை வாபஸ் வாங்கினேன். அந்த உத்தரவின் நகலை எடுத்துக்கொண்டு தாடிக்கொம்புக்கு ஓடினேன்.

தடை நீங்கி, ஆணை கைக்கு வந்து ஜெயந்தி வேலையில் சேர மொத்தம் நாற்பது நாள் தாமதமாகிவிட்டது. அடுத்த தை மாதம் எங்களுக்குக் கல்யாணம். இவனையா என்று அவள் அப்பா கேட்டதற்கு, "சொன்னா கேக்குறாருல்லப்பா, போதும்" என்றாளாம்.

எங்கள் வீட்டு விசேஷம் எதுவும் இந்தக் கதை இல்லாமல் முடிவதில்லை. போன வருடம் அவளுக்குக் கண்காணிப்பாளராகப் பதவி உயர்வு வந்து, அலுவலகத்தில் பாராட்டு விழா நடத்தினார்கள். மைக்கைப் பிடித்தவள், "நாப்பது நாளு முந்திச் சேந்திருந்தா இந்தப் பதவி உயர்வு போன வருசப் பட்டியல்லயே வந்திருக்கும். அந்தத் தடைய வாங்குனவரு முன்வரிசையிலதான் உக்காந்திருக்காரு" என்றாள்.

"அப்ப அது நீங்கதானா சார்?" என்று அந்தப் பத்தொன்பது பேரில் ஆறு பேர் எழுந்து நின்றார்கள்.