பளபளத்த ஆயில் குச்சி

உலகத்தில் கார் வைத்திருப்பவர்கள் கோடிக்கணக்கில் இருக்கலாம். காரை முறைப்படி 'ஆய்வு' செய்து வைத்திருந்தவர் ஒருவர்தான். உத்தியோகத்தில் அவர் பாலங்கள் ஆய்வாளர். ஊருக்கு நடுவே ஓடும் ஆற்றின் மேல் அந்தப் பாலம் இன்றுவரை நிற்கிறதென்றால், அவர் மாதாமாதம் போடுகிற கையெழுத்தைப் பிடித்துக்கொண்டுதான் நிற்கிறது.

அவருடைய இருபத்திரண்டு வயதான சின்னக் காரைப் பார்த்துவிட்டு மெக்கானிக் ஒருநாள் சொன்னார்:

"வண்டிக்கு வயசாயிடுச்சு சார். கொஞ்சம் கொஞ்சமா ஆயில் குடிக்கும். அப்பப்ப இஞ்சின்ல ஆயில் அளக்கிற குச்சியை உருவித் துடைச்சுப் பாருங்க. குறைஞ்சா ஊத்துங்க. அவ்வளவுதான்."

'அவ்வளவுதான்' என்ற சொல் ஆய்வாளருக்குப் பிடிக்கவில்லை. எல்லா வேலையும் அவ்வளவுதான் என்றால் அப்புறம் அலுவலகம் எதற்கு?

அன்று மாலையே சாப்பாட்டு மேசையில் 'ஆயில் தேர்வுக் குழு' கூடியது. தலைவர் அவர். உறுப்பினர்கள் மனைவியும் மகளும்.

"எந்த ஆயில்னு வண்டிப் புத்தகத்துலயே போட்டிருக்கே," என்றாள் மனைவி.

"அது வண்டி செஞ்சவன் எழுதினது. ஒருதலைப்பட்சமா இருக்கும்."

"அப்போ மெக்கானிக்கைக் கேளுங்க."

"அவர் நாள் பூரா ஆயில்லயே கிடக்கிறவர். நடுநிலையா எப்படிச் சொல்லுவார்?"

கெட்டியான ஆயிலா, இளக்கமான ஆயிலா என்று ஏழு கூட்டங்கள் நடந்தன. ஏழாவதில் உறுப்பினர்கள் இருவரும் தூங்கிவிட்டதால் முடிவு ஏகமனதாக எடுக்கப்பட்டது: புத்தகத்தில் போட்டிருந்த அதே ஆயில். டின் வந்தது. மூடியைத் திறப்பதற்குத் தனிக் கூட்டம் தேவை என்பதால் அலமாரியில் வைத்துப் பூட்டப்பட்டது.

பராமரிப்பிலும் குறை வைக்கவில்லை. தினமும் காலை ஏழு மணிக்கு வெள்ளைத் துணியோடு போவார். குச்சியை உருவுவார், துடைப்பார், வெயிலில் தூக்கிப் பிடித்துப் பார்ப்பார். பதிவேட்டில் எழுதுவார்: 'குச்சி சுத்தம். நிலைமை திருப்தி.' துடைத்த குச்சியை மறுபடி உள்ளே விட்டு எடுத்து அளவு பார்க்க வேண்டும் என்று மெக்கானிக் சொல்லவில்லை. சொல்லாததைச் செய்யும் கெட்ட பழக்கம் அவருக்கு இல்லை.

முதல் மாதம் துணி கறுத்தது. இரண்டாம் மாதம் நுனி மட்டும் கறுத்தது. மூன்றாம் மாதம் துணி வெள்ளையாகவே திரும்பி வந்தது.

"பாத்தியா?" என்று மனைவியிடம் துணியை விரித்துக் காட்டினார். "பராமரிப்புன்னா இதுதான். துடைக்கவே வேலையில்லை!"

அந்த வாரம்தான் மகளுக்கு நேர்முகத் தேர்வு வந்தது. ஒன்றரை வருடம் விண்ணப்பம் போட்டுப் போட்டு வந்த ஒரே அழைப்பு. பத்து மணிக்கு, ஆற்றுக்கு அக்கரையில்.

"நான் பஸ்லயே போயிடறேன்ப்பா."

"தினம் ஆய்வு செஞ்ச கார் வாசல்ல நிக்குது. யாரும் ஆய்வு செய்யாத பஸ்ல போவியா? ஏறு."

பாதி வழியில் மகள் கத்தினாள். "அப்பா, ஆயில் விளக்கு சிவப்பா எரியுது!"

"எரியட்டும். எண்ணெய் இல்லாம எந்த விளக்கும்மா எரியும்?"

"கடகடன்னு சத்தம் வருதுப்பா!"

"வண்டி உற்சாகமா இருக்கு."

பாலத்துக்கு அரை மைல் முன்னால் உற்சாகம் நின்றது. காரும் நின்றது. மணி ஒன்பது இருபது.

மெக்கானிக் இழுவை வண்டியோடு வந்தார். குச்சியை உருவிப் பார்த்தார். பளபளவென்று இருந்தது.

"சார், இதுல ஆயில் பட்டே ஒரு மாசம் இருக்கும். இஞ்சின் இறுகிப்போச்சு."

"இருக்காது," என்று ஆய்வாளர் பதிவேட்டை நீட்டினார். தொண்ணூறு பக்கம், தொண்ணூறு திருப்தி. மெக்கானிக் பொறுமையாகப் புரட்டினார்.

"கையெழுத்து நல்லா இருக்கு சார். எங்க வேலை பாக்கிறீங்க?"

"அதோ தெரியுதே பாலம், அதுக்கு நான்தான் ஆய்வாளர்."

"அதையும் இப்படித்தான் பாப்பீங்களா?"

"சேச்சே! இது தொழில் இல்லையே, வீட்டு வண்டி. பாலம் இதைவிடச் சுத்தமா இருக்கும். போன வாரம்கூடக் கைப்பிடியைத் துடைச்சுப் பாத்தேன்."

மூவரும் இழுவை வண்டியில் ஏறினார்கள். பின்னால் கார் தொங்கிக்கொண்டு வந்தது. பாலம் நெருங்கியது. மகள் கடிகாரத்தைப் பார்த்தாள், பாலத்தைப் பார்த்தாள், அப்பாவைப் பார்த்தாள்.

"அண்ணா, என்னைப் படகுத்துறையில இறக்கி விட்டுடுங்க."

"அங்கதாம்மா திருப்பிக்கிட்டு இருக்கேன்," என்றார் மெக்கானிக்.

ஆய்வாளர் பதறிப்போனார். "படகா? அதை யாரும்மா ஆய்வு செஞ்சிருக்கா?"

"யாருமே இல்லப்பா," என்றாள் மகள். "அதனாலதான்."