தீர்ப்பு அண்ணன் தோற்ற அன்று

எங்கள் ஊரான தம்போய் வட்டாரத்தில் ஒரு துப்பறியும் தொடரைக்கூட யாரையும் நிம்மதியாகப் பார்க்க விடாதவர் என்றால் அது தீர்ப்பு அண்ணன்தான். எங்களுக்கு ஒட்டுச்சுவர் பக்கத்து வீடு. ஏர்கான் என்கிற குளிர்சாதனப் பெட்டிகளைப் பழுது பார்ப்பவர். பெற்றோர் வைத்த பெயர் அடையாள அட்டையில் மட்டும் இருந்தது. டிவியில் பிணம் விழுந்த கையோடு கொலையாளியை அறிவித்துவிடுவார். அதனால் வந்த பட்டம்.

அவருடைய முறையே தனி. "டீ குடுத்தா குடிக்காம வெச்சிருக்கான் பாரு, அவன்தான்!" என்பார். இன்னொரு நாள், "இவ்ளோ பெரிய நடிகர சும்மா கதவு தொறக்கவா கூப்பிட்டாங்க? புடி லா அவன!" சுவர் தாண்டி எங்கள் வீட்டுக்கும் தீர்ப்பு வந்துவிடும். என் மாமியார் ஒருமுறை கோபத்தில் டிவியை அணைத்துவிட்டுக் கோயிலுக்கே போய்விட்டார்.

அப்படிப்பட்டவரைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு நான் தொலைக்காட்சிக்கு ஒரு துப்பறியும் கதை எழுதினேன். என் முதல் கதை. இலக்கிய வட்டத்தில் ஒரு கொலை. நூல் வெளியீட்டு விழாவில் கவிஞர் பொன்னாடையோடு செத்துக் கிடக்கிறார். மேடையில் நூலைப் புகழ்ந்த யாரும் அதைப் பிரித்தே பார்த்ததில்லை. படித்தவன் ஒரே ஓர் இளைஞன். அதிலிருந்தவை அவனிடமிருந்து திருடிய கவிதைகள். அவன்தான் கொலையாளி.

ஒளிபரப்பு அன்று அண்ணன் தெருவையே அழைத்துவிட்டார். "தம்பி எழுதுன டிராமா! பெரிய டிவி நம்ம வீட்லதான் இருக்கு, வாங்க!" அவர் வாயைத் திறந்தால் என் கதை அத்தனை பேர் முன்னால் அங்கேயே முடிந்தது.

"அண்ணே, இன்னிக்கு மட்டும் சொல்லிடாதீங்க."

"அது எப்படி தம்பி? தெரிஞ்சா வாய் தானா தொறந்துக்கும்!"

திரையில் கவிஞர் விழுந்தார். பேச்சாளர்கள் போலீசிடமும் நூலைப் புகழ்ந்தார்கள். இளைஞன் மட்டும் ஒரு கவிதையை வரி பிசகாமல் சொன்னான். அண்ணன் நிமிர்ந்து உட்கார்ந்தார். நான் கண்ணை மூடிக்கொண்டேன்.

தீர்ப்பு வரவில்லை. கண்ணைத் திறந்து பார்த்தால், அண்ணன் எழுந்து சமையலறைக்குப் போகிறார். உருளைக்கிழங்கு மசாலா வைத்துப் பொரித்த கறிபாப் தட்டோடு வந்து, ஒன்றை முழுசாக வாயில் திணித்துக்கொண்டார். பிறகு இன்னொன்று. தட்டு காலியாகும்வரை நிறுத்தவில்லை.

கொலையாளி பிடிபட்டதும் முதலில் கத்தியவர் அவர்தான். "அலமாக்! இவனா? நான் அந்த விழாச் செயலாளர்னுல நெனச்சேன்! தம்பி என்னையே ஏமாத்திட்டாரு லா!" தெருவே கைதட்டியது. எனக்குத் தலைகால் புரியவில்லை.

மறுநாள் அண்ணியிடம் பெருமையடித்தேன். "அண்ணனையே ஏமாத்திட்டேன் பாத்தீங்களா?"

அண்ணி சிரித்தார். "நீங்க வேற தம்பி. அந்தப் பையன் கவித சொன்னதுமே அடுப்படிக்கு ஓடி வந்துட்டாரு. 'அவன்தான்டி, அவன் ஒருத்தன்தான் புக்கப் படிச்சிருக்கான்'னு என் காதுல சொல்லிட்டு, 'வாய் சும்மா இருந்தா சொல்லிரும்'னு கறிபாப் தட்டத் தூக்கிட்டுப் போனாரு. இப்ப வயித்து வலின்னு படுத்திருக்காரு."

அந்த மனிதர் எனக்காகத் தோற்றதை நினைத்தால் இன்றும் நெஞ்சு நிறைந்துவிடுகிறது.

அடுத்த வாரம் வேறொரு தொடரில் பிணம் விழுந்தது. சுவர் தாண்டித் தீர்ப்பும் வந்தது. மாமியார் தலையில் அடித்துக்கொண்டார். நான் டிவி சத்தத்தைக் குறைத்துவிட்டு அண்ணன் குரலைக் கேட்டுக்கொண்டிருந்தேன்.