கேப்டன் படகில் ஏழு ஏற்காடு

ஏற்காட்டுக்கு ஒரே நாளில் ஏழு வரலாறு சொல்லக்கூடியவர் உலகத்திலேயே கேப்டன் ஒருவர்தான். கடலையே பார்த்திராத கேப்டன். எங்கள் ஏரியில் துடுப்புப் படகு ஓட்டுகிறார். கரையை விட்டு நூறடி போனதும் வாய் திறந்துகொள்ளும்.

ஊர் வரலாற்றை நானே சொல்லிக் காட்டும் யோசனை எனக்கு உதித்ததே அவர் படகில்தான். காலையில் ஒரு குடும்பத்திடம், “ஏரியும் காடும் சேந்து ஏரிக்காடுங்க” என்றார். அடுத்த சவாரியில் வேறு சிலரிடம், “ஏழு காடுங்க. ஆறு காட்டை வெட்டி ரிசார்ட்டு கட்டிப்போட்டாங்க. ஏழாவதை இந்தத் தீவுல மானுங்களோட பூட்டி வெச்சிருக்காங்க.”

எம்.ஏ. வரலாறு படித்த என் ரத்தம் கொதித்தது. “ஏனுங்க கேப்டன், காலைல ஏரிக்காடுன்னீங்களே?”

“அவங்க மீன் பாக்க வந்தவங்க சாமி. இவங்க எடம் வாங்கப் பாக்க வந்திருக்காங்க.”

உண்மையைச் சொல்லி ஊரைக் காப்பாற்றியே தீருவது என்று, சுற்றுலா வந்தவர்களை நடத்திக் கூட்டிப்போய் ஊரைக் காட்டும் ‘வரலாற்று நடை’ தொடங்கினேன். ஒண்டிக்கடை முக்கிலிருந்து பன்னிரண்டு பேரோடு கிளம்பினேன். கையில் நாற்பது பக்கக் குறிப்பு.

“ஊர்ப் பேருக்கு என்னங்க தம்பி அர்த்தம்?” என்றார் ஓர் அம்மா.

“அறுதியிட்டுக் கூற ஆதாரமில்லை” என்றேன்.

எட்டுப் பேர் மிளகாய் பஜ்ஜிக் கடையோடு சரி. மிச்ச நான்கு பேரும் ஏரியைக் கண்டதும் நைசாகக் கேப்டன் படகில் ஏறிவிட்டார்கள். கரையில் நானும் நாற்பது பக்கமும்.

முதல் நடையே கடைசி நடை என்று திரும்பியபோது கேப்டன் கத்தினார்: “நீயும் ஏறு சாமி! ஏனுங்க, இவரு நொம்ப படிச்சவருங்க. நான் சொல்லச் சொல்ல, நெசமா பொய்யான்னு சொல்லுவாரு. வெள்ளைக்காரன் குதிரை இங்க முங்கிச் சேலத்துல எந்திரிச்சுதுங்க!”

“பொய்!”

“அது இன்னும் பஸ்ஸ்டாண்டுலதான் நிக்குதுங்க!”

“பொய்!”

படகு குலுங்கச் சிரித்துக் கைதட்டினார்கள். பட்டம் வாங்கியபோதுகூட எனக்கு இவ்வளவு கைதட்டல் இல்லை.

பிறகு கேப்டன் துடுப்பை நிறுத்தி, சரிவில் தெரிந்த ஒரு ரிசார்ட்டைக் காட்டினார். “அதுல நீச்சல் குளம் இருக்கற எடம் அப்ப எஸ்டேட்டுங்க. எங்கம்மா அங்கதான் காப்பி பறிச்சாங்க. பறிச்சுட்டு இருக்கயிலேயே என்னையும் பெத்துப்போட்டாங்க.”

எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். நாற்பது பக்கத்தில் அப்படி ஒரு வரியும் இல்லை.

“நெசம்” என்றேன்.

“ஆதாரம் இருக்குங்களா?” என்றார் அதே அம்மா.

“துடுப்பைப் புடிச்சுட்டு உக்காந்திருக்குதுங்க” என்றேன்.

கேப்டன் துடுப்பை எடுத்துக் கரைப் பக்கம் வலிக்கத் தொடங்கினார்.

அடுத்த ஞாயிறு நடை கிடையாது, படகுதான். அதற்குள் நான் துடுப்புப் போடப் பழக வேண்டும். கேப்டனின் கைகள் சும்மா இருந்தால், தன் அம்மாவைப் பற்றி இன்னும் கொஞ்சம் சொல்வார்.